கனடா படத்துக்கு முகம் எத்தனை மில்லிமீட்டர்?

கேள்வி: கனடாவில் பி.ஆர். (நிரந்தரவாசம்) உள்ள எங்கள் மருமகன், மகளையும் ஒன்பது மாதப் பேத்தியையும் அழைத்துக்கொள்ள விண்ணப்பம் போட்டிருந்தார். படம் சரியில்லை என்று விண்ணப்பம் திரும்பிவிட்டது. டவுனில் எடுத்த பாஸ்போர்ட் சைஸ் படம்தான் அது. மறுபடி கடைக்குப் போனோம். அதே படத்தைப் பெரிதாக்கி 50-க்கு 70 என்று வெட்டிக் கொடுத்தார்கள். "தாள் அளவு சரி, முகம் பெரிதாக இருக்கிறது, இதுவும் நிற்காது" என்கிறார் மருமகன். மகளின் முகம் இருட்டாக விழுந்ததால் கடையில் வெளுப்பாக்கியும் கொடுத்திருக்கிறார்கள். பேத்திக்குத் தைப்பூசத்தில் கல்லுமலையில் மொட்டை போட்டிருக்கிறோம். மகன் சிங்கப்பூரில் பி.ஆர். போடப்போகிறான், அவனுக்கும் இதே அளவு ஆகுமா? பேசாமல் வீட்டிலேயே கைப்பேசியில் எடுத்துவிடலாமா?
— ஒரு வாசகி, சுங்கை சிப்புட், பேராக்

பதில்: மருமகன் சொல்வது சரி, அம்மா. பெரிதாக்கிய அந்தப் படத்தை அனுப்பாதீர்கள்.

நம் ஊர்க் கடைகளில் "பாஸ்போர்ட் சைஸ்" என்றால் 35-க்கு 50 மி.மீ. நம் குடிநுழைவுத் துறை கேட்கும் அளவு அது. கடைக் கணினியில் அந்த வெட்டு எப்போதும் தயாராக இருக்கும். நீங்கள் வாய் திறந்து வேறு சொல்லாதவரை அதுதான் கைக்கு வரும். கனடா நிரந்தரவாசத்துக்கு 50-க்கு 70 மி.மீ. இதுவரை பலருக்கும் தெரியும். கோட்டை விடுவது இரண்டாவது அளவில்தான்: மோவாயின் அடியிலிருந்து உச்சந்தலை வரை முகம் 31 மி.மீ.க்குக் குறையக்கூடாது, 36-ஐத் தாண்டவும் கூடாது.

கணக்கைப் பாருங்கள். 35-க்கு 50 படத்தில் முகம் ஏறக்குறைய 30 மி.மீ. இருக்கும். 50 மி.மீ. உயரத்தை 70-க்கு இழுத்தால் எல்லாமே 1.4 மடங்கு ஆகும். 30 மி.மீ. முகம் 42 மி.மீ. ஆகிவிட்டது. கடைக்காரர் தாளைத்தான் சரிசெய்தார், முகம் எல்லை தாண்டிப் போய்விட்டது. கனடா படத்தில் முகம் தாளின் உயரத்தில் பாதிதான் வரும். மீதி தலைக்கு மேல் வெற்றிடமும் கீழே தோளும் மார்பும். உங்கள் மகளின் படம் முகத்தை நெருக்கி வெட்டியது. சுற்றிலும் போதிய இடம் அதில் இல்லை. ஆகவே புதிதாக எடுப்பதைத் தவிர வழியில்லை. சின்னப் படம்தானே என்று விட முடியாது. ஒரு படம் பிசகினாலும் முழுமையற்ற விண்ணப்பம் என்று கட்டு முழுவதும் திரும்பும், வரிசையில் இருந்த இடமும் போகும்.

இந்த முறை கடையில் இப்படிக் கேளுங்கள்: இடுப்புக்குச் சற்று மேலிருந்து, தலைக்கு மேலும் இரு பக்கமும் தாராளமாக இடம் விட்டு எடுங்கள், வெட்டாத மூலக் கோப்பைப் பென்டிரைவில் கொடுங்கள். அந்த ஒரு கோப்பிலிருந்து கனடாவுக்கும் வெட்டலாம், நாளை வேறு நாட்டு விசா என்றாலும் வெட்டலாம். அகலமாக எடுத்ததை எப்போது வேண்டுமானாலும் குறுக்கிக்கொள்ளலாம். கோப்பை வாட்ஸ்அப்பில் படமாக அனுப்பச் சொல்லாதீர்கள், அது சுருக்கிவிடும். வாட்ஸ்அப்தான் வழி என்றால் 'டாக்குமென்ட்' ஆக அனுப்பச் சொல்லுங்கள்.

அச்சடித்து வந்ததும் கடையிலேயே நின்று அளந்து பாருங்கள். அதற்கு ஒரு கருவி வீட்டிலேயே செய்யலாம். ஒளி ஊடுருவும் பிளாஸ்டிக் கோப்பு உறையில் ஒரு துண்டை வெட்டி, மெல்லிய மார்க்கர் பேனாவால் அடியில் ஒரு கோடு, அதிலிருந்து 31 மி.மீ.யில் ஒரு கோடு, 36-ல் ஒரு கோடு. அடிக்கோட்டை மோவாயின் கீழ் விளிம்பில் வைத்தால் உச்சந்தலை மற்ற இரண்டு கோடுகளுக்கும் நடுவில் விழ வேண்டும். 33, 34 மி.மீ. என்று கேட்டு வாங்கினால் அச்சில் ஒரு மி.மீ. முன்பின் ஆனாலும் தப்பிவிடும்.

உச்சந்தலை எது என்பதில் ஒரு சிக்கல் இருக்கிறது. கனடா கேட்பது மண்டையின் உச்சி. முடி புடைத்துக்கொண்டிருந்தால் அந்தப் புடைப்பைக் கணக்கில் சேர்க்க மாட்டார்கள். அமெரிக்காவோ முடியையும் சேர்த்து அளக்கச் சொல்கிறது. மகளுக்கு அடர்ந்த சுருட்டை முடி என்றால் இந்த இரண்டுக்கும் நடுவில் இரண்டு மூன்று மி.மீ. வித்தியாசம் வந்துவிடும். முடியைப் படிய வாரி, பின்னலைத் தாழ்வாகப் பின்னி முதுகுக்குப் பின்னால் தள்ளிவிட்டால் குழப்பமே இல்லை. உச்சிக்கொண்டை வேண்டாம். இன்னும் சந்தேகம் என்றால், பெரியவர்களின் தலையில் கண் ஏறக்குறைய நடுவில்தான் இருக்கும். மோவாயிலிருந்து கண்வரை அளந்து இரட்டித்தால் மண்டை உச்சி எங்கே என்று தெரிந்துவிடும். குழந்தைக்கு இந்தக் கணக்கு ஒத்துவராது, அவர்களுக்கு நெற்றி பெரிது, கண் நடுவுக்குக் கீழே இருக்கும்.

இனி முகம் இருட்டாக விழுந்த விஷயம். இது மகளின் நிறத்தின் குற்றம் இல்லை. அப்படி யாராவது சொன்னால் காதில் போட்டுக்கொள்ளாதீர்கள். கேமரா தானியங்கியில் இருக்கும்போது சட்டகத்துக்குள் உள்ள மொத்த வெளிச்சத்தையும் சராசரி பார்க்கிறது. பின்னால் வெள்ளைச் சுவர் பளீரென்று இருந்தால் "வெளிச்சம் அதிகம்" என்று எண்ணி எல்லாவற்றையும் குறைத்துவிடும். வெள்ளை சாம்பலாகும், மாநிறம் கறுப்பாகும், கண்ணுக்குக் கீழே குழி விழும். கனடா படத்தில் முகம் சின்னது, வெள்ளை அதிகம். அதனால் இந்தத் தொல்லையும் அதிகம். தீர்வு எடுக்கும்போதே இருக்கிறது: கேமராவில் வெளிச்ச ஈட்டை (எக்ஸ்போஷர் காம்பென்சேஷன்) முக்கால் முதல் ஒரு படி கூட்ட வேண்டும், அல்லது முகத்தை மட்டும் அளந்து எடுக்க வேண்டும். கைப்பேசி என்றால் திரையில் முகத்தின் மேல் விரலை அழுத்திப் பிடித்து, பக்கத்தில் வரும் சூரியக் குறியைச் சற்று மேலே தள்ளினால் போதும். கன்னத்தின் தோல் தெளிவாகத் தெரிய வேண்டும், நெற்றி வெள்ளையாகக் கரைந்துவிடக்கூடாது.

எடுத்த பிறகு கணினியில் வெளுப்பாக்குவது வேறு கதை. திருத்தாத படம் வேண்டும் என்பது கனடாவின் விதி. அமெரிக்காவும் இதையேதான் சொல்கிறது. வெளுப்பாக்கும்போது நிறம் மட்டும் மாறுவதில்லை, மூக்கின் ஓரம், மோவாயின் கோடு, மச்சம் எல்லாம் மங்கும். விமான நிலையத்தில் மகள் நேரில் நிற்கும்போது அதிகாரி ஒப்பிடுவது இவற்றைத்தான். கல்யாண ஆல்பத்தில் எவ்வளவு வேண்டுமானாலும் வெளுக்கட்டும், இந்தப் படத்தில் வேண்டாம். பின்னணியைக் கணினியில் அழித்து வெள்ளை பூசுவதும் அப்படியே. சுருட்டை முடியின் ஓரத்தில் உற்றுப் பாருங்கள்: கத்தரியால் நறுக்கியதுபோல் வழவழவென்று ஒரு கோடு ஓடினால், அல்லது காது மடலில் ஒரு துண்டு காணாமல் போயிருந்தால், அங்கே பூச்சு வேலை நடந்திருக்கிறது. வாங்காதீர்கள்.

சிறிய கடைகளில் இன்னொரு வாடிக்கை: சுவரோடு ஒட்டிய முக்காலி, கேமராவின் தலையில் ஒரே ஒரு பிளாஷ். காதுக்குப் பின்னால் சுவரில் கறுப்பு நிழல் விழுவது இதனால்தான். முக்காலியைச் சுவரிலிருந்து ஒரு மீட்டர், ஒன்றரை மீட்டர் முன்னால் இழுத்துப் போடச் சொல்லுங்கள். நிழல் கீழே விழுந்து சட்டகத்துக்கு வெளியே போய்விடும். இரண்டு பக்கமும் விளக்கு உள்ள கடையாக இருந்தால் நல்லது. இல்லையென்றால் மடியில் ஒரு வெள்ளை மாஜோங் காகிதத்தை (பெரிய தாள்) விரித்து வைத்துக்கொள்ளலாம். மோவாய்க்கு அடியில் உள்ள இருட்டை அது பாதி எடுத்துவிடும். படத்தில் விழாது.

உடையில் வெள்ளை, இளமஞ்சள் வேண்டாம்; தோள் எங்கே முடிகிறது, சுவர் எங்கே தொடங்குகிறது என்று தெரியாது. கருநீலம், மெரூன், கரும்பச்சை எதுவும் நலம். பள்ளிச் சீருடையில் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போவது நம் ஊர்ப் பழக்கம். அதை விடுங்கள், வெள்ளைச் சட்டை ஒரு பக்கம், சீருடையே கூடாது என்று அமெரிக்கா சொல்வது இன்னொரு பக்கம். ஜிமிக்கி காதை மறைக்கும், பூச்சரம் தலையின் விளிம்பைக் கெடுக்கும், இரண்டும் வேண்டாம். சின்னத் தோடும் தினமும் போடும் மூக்குத்தியும் இருக்கலாம், பிளாஷில் மின்னாத வரை. திருநீறு, சந்தனம், குங்குமம் மூன்றையும் துடைத்துவிடுவது நல்லது. சின்னப் பொட்டைத் தடுக்கும் விதி இல்லை என்றாலும், அதையும் எடுத்துவிட்டால் பேச்சுக்கே இடமில்லை. தலைக்கு வைத்த தேங்காய் எண்ணெய் வெயிலில் நெற்றிக்கு இறங்கியிருக்கும். உட்காரும் முன் டிஷ்யூ தாளால் நெற்றியையும் மூக்கையும் ஒற்றி எடுக்க வேண்டும். பவுடரை அப்பினால் பிளாஷில் திட்டுத் திட்டாகத் தெரியும்.

கண்ணாடி போடும் பழக்கம் இருந்தால் கழற்றிவிடுங்கள். கண் தெளிவாகத் தெரிந்தால் கனடா அனுமதிக்கிறது. அமெரிக்கா 1 நவம்பர் 2016 முதல் விசாப் படத்தில் கண்ணாடியே கூடாது என்றுவிட்டது. வெயிலில் கறுக்கும் கண்ணாடி இன்னும் மோசம், சன்னல் ஓரம் உட்கார்ந்தாலே நிறம் மாறிவிடும். பத்து நிமிடம் முன்னதாகவே கழற்றினால் மூக்கில் பதிந்த தடமும் மறையும். வாய் மூடி, சிரிக்காமல், நேர்ப்பார்வை. முறைக்கத் தேவையில்லை.

பேத்திக்கு வருவோம். மொட்டை ஒரு தடையே இல்லை. அளப்பதற்கு மொட்டைத் தலைதான் உள்ளதிலேயே சுலபம். ஆனால் மொட்டைக்குப் பூசிய சந்தனத்தின் மஞ்சள் முழுவதும் போன பிறகு எடுங்கள். கன்னத்தில் திருஷ்டிப் பொட்டு, கண்ணில் மை இரண்டையும் முதல்நாள் இரவே எண்ணெய் தொட்டுத் துடைத்துவிடுங்கள். காலையில் அவசரமாகத் தேய்த்தால் கன்னம் சிவந்துபோகும். பாட்டியின் மனம் கேட்காது என்பது தெரியும், படம் எடுத்த கையோடு மறுபடி வைத்துக்கொள்ளுங்கள்.

ஒன்பது மாதக் குழந்தையை முக்காலியில் உட்கார வைத்துப் பின்னாலிருந்து பிடித்தால் யாருடைய விரலாவது படத்தில் வரும். மெத்தையில் வெள்ளைப் படுக்கைவிரிப்பைச் சுருக்கமில்லாமல் இழுத்துச் செருகி, குழந்தையை மல்லாக்கப் படுக்கவைத்து, மேலிருந்து எடுப்பதே எளிது. குழந்தையின் தலைமாட்டில் சன்னல் இருந்தால் கண்குழியில் நிழல் விழும். எடுப்பவர் சன்னலை மறைத்து நிற்கக்கூடாது, அவர் நிழலே குழந்தையின் மேல் விழும். கேமரா மூக்குக்கு நேர் மேலே இருக்க வேண்டும். காலின் பக்கம் சாய்ந்தால் மோவாய் பெரிதாகி நெற்றி சுருங்கும். ரப்பர் சூப்பி, கிலுகிலுப்பை எதுவும் சட்டகத்துக்குள் வரக்கூடாது. கிலுகிலுப்பையைக் கேமராவுக்கு மேலே பிடித்து ஆட்டினால் கண் கேமராவைத் தாண்டி மேலே போய்விடும், கேமராவை ஒட்டியே பிடியுங்கள். பால் குடித்து முடித்து, தூக்கம் வருவதற்கு முன் உள்ள அந்த அரைமணி நேரம்தான் வாய்ப்பு. கண் திறந்து, வாய் மூடி இருக்கும் ஒரே ஒரு படம் கிடைத்தால் போதும், ஐம்பது அறுபது எடுங்கள். முகத்தின் அளவு குழந்தைக்கும் அதே 31 முதல் 36 தான். போன விண்ணப்பத்தில் வைத்த பழைய படத்தை மறுபடி வைக்காதீர்கள்; இந்த வயதில் மூன்று மாதத்தில் முகமே மாறிவிடுகிறது. பெரியவர்களின் படமும் ஆறு மாதத்துக்கு உட்பட்டதாக இருக்கட்டும்.

வீட்டிலேயே எடுக்கலாமா என்றால், கனடாவுக்கு நான் வேண்டாம் என்பேன். காரணம் படத்தின் பின்பக்கம். ஸ்டூடியோவின் பெயர், முழு முகவரி, எடுத்த தேதி அங்கே இருக்க வேண்டும். படத்தில் இருப்பவரின் பெயரும் பிறந்த தேதியும் ஒரு படத்தின் பின்னால் எழுத வேண்டும். வீட்டில் எடுத்த படத்துக்கு இந்த முத்திரைக்கு எங்கே போவது? குழந்தையை வீட்டில்தான் எடுக்க முடியும் என்றால் கடைக்காரரையே வரச் சொல்லிப் பாருங்கள், அல்லது மெத்தையும் விரிப்புமாக அவர் கடைக்குப் போங்கள்.

முத்திரையிலும் ஒரு கவனம் வேண்டும். டவுன் கடைகளின் ரப்பர் முத்திரையில் பெரும்பாலும் கடைப் பெயரும் தொலைபேசி எண்ணும்தான் இருக்கும். கடை எண், சாலை, அஞ்சல் குறியீடு, ஊர், மாநிலம், மலேசியா என்று கையால் சேர்த்து எழுதச் சொல்லுங்கள். தேதியில் மாதத்தை எண்ணாகப் போடாமல் பெயராக எழுதினால் நாளா மாதமா என்ற குழப்பம் வராது. மகளின் பெயர் ஏ/பி (இன்னாரின் மகள்) உட்படப் பாஸ்போர்ட்டில் உள்ளபடியே இருக்கட்டும். படத்தாளின் பின்பக்கம் வழவழப்பானது, சாதாரண மை காயாது. உடனே ஒன்றன்மேல் ஒன்று அடுக்கினால் மேல் படத்தின் மை கீழே உள்ளவரின் முகத்தில் ஒட்டும். பால்பாயின்ட் பேனாவை அழுத்தி எழுதினால் முன்பக்கம் கன்னத்தில் மேடு தட்டும். அழியாத மை கொண்ட மெல்லிய மார்க்கரால் எழுதி, நன்றாகக் காயவிட்டு, தனித்தனி உறையில் போடுங்கள். கிளிப், ஸ்டேப்ளர் இரண்டும் கிட்ட வரக்கூடாது. இணையத்தில் ஏற்றுவதற்காக முன்பக்கம், பின்பக்கம் இரண்டையும் 600 டி.பி.ஐ.யில் ஸ்கேன் செய்து வைத்துக்கொள்ளுங்கள். 50-க்கு 70 மி.மீ. படம் அதில் ஏறக்குறைய 1180-க்கு 1650 பிக்சல் வரும், தாராளம்.

மகனுக்கு இதே அளவு ஆகாது. சிங்கப்பூர் கேட்பது 35-க்கு 45 மி.மீ., மோவாயிலிருந்து உச்சி வரை 25 முதல் 35 மி.மீ., வெள்ளைப் பின்னணி, மூன்று மாதத்துக்குள் எடுத்தது. இணையத்தில் ஏற்றும் கோப்பு 400-க்கு 514 பிக்சல். நம் 35-க்கு 50 படத்தின் மேலும் கீழுமாகச் சேர்த்து 5 மி.மீ. நறுக்கிக் கொடுக்கும் கடைகள் உண்டு; தலைக்கு மேல் இடமில்லாமல் போகும், கவனம். அமெரிக்கா என்றால் 51 மி.மீ. சதுரம், முகம் 25 முதல் 35; இணைய விசாப் படிவத்துக்குக் குறைந்தது 600-க்கு 600 பிக்சல், கோப்பு 240 கிலோபைட்டுக்குள். பிரிட்டிஷ் பாஸ்போர்ட்டுக்கு 35-க்கு 45-ல் முகம் 29 முதல் 34, அச்சுப் படத்தில் பின்னணி வெள்ளை அல்ல, இளஞ்சாம்பல் அல்லது கிரீம். முன்பு சொன்ன வெட்டாத கோப்பு இங்கேதான் கைகொடுக்கும்.

மகனின் படத்தை வீட்டில் கைப்பேசியில் எடுக்கலாம். லயத்து வீட்டின் பச்சைச் சுவரும் வாசலில் கட்டிய நீலக் கேன்வாஸும் முகத்தில் நிறத்தைக் கொட்டும். வெயில் நேராக விழாத கடை அஞ்சடி (கடை முன் நடைபாதை), அல்லது வெள்ளையடித்த அறையின் சன்னல் முன்பு நல்ல இடம். சுவரில் மாஜோங் காகிதத்தைச் சுருக்கமில்லாமல் ஒட்டி, மகன் அதிலிருந்து ஒரு மீட்டர் முன்னால், சன்னலைப் பார்த்து நிற்கட்டும். எடுப்பவர் இரண்டு மீட்டர் தள்ளி நின்று, கைப்பேசியைக் கண் உயரத்தில் பிடித்து, 2 மடங்கு லென்ஸில் எடுக்க வேண்டும். கிட்டே வந்தால் மூக்கு பெருத்துக் காது பின்னால் போய்விடும். செல்ஃபி வேண்டவே வேண்டாம். சில கைப்பேசிகள் கண்ணாடியில் பார்ப்பதுபோல் திருப்பிச் சேமிக்கும், இடக் கன்னத்து மச்சம் வலப்பக்கம் போய்விடும். 'பியூட்டி', 'போர்ட்ரெய்ட்' இரண்டையும் அணைத்துவிடுங்கள்: ஒன்று தோலைத் தேய்க்கும், மற்றது காது ஓரத்தை மங்கலாக்கும்.

கடைசியாக, மகளின் மலேசியப் பாஸ்போர்ட் எப்போது முடிகிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள். புதுப்பிக்க வேண்டியிருந்தால் குடிநுழைவுத் துறை முகப்பிலேயே படம் எடுத்துக்கொள்வார்கள். தோளும் மார்பும் மறையும் கருநிற உடையோடு போனால் போதும், கடைப் படம் தேவையில்லை.